பெயர் சொல்லி அழுத காட்சி

தை 11, செவ்வாய்
மழை. ரயில் பிந்தியது. செவ்ரானிலிருந்து பாரிஸ்வரை நின்றபடியே வந்தேன், முழங்கால் வலி.

மத்தியானம் எங்கள் சேலைக் கடைக்கு இரண்டு வெள்ளைக்காரர். அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர் ஒன்றைப் பாரிசில் எடுக்கிறார்களாம். செத்த வீட்டுக் காட்சிக்கு வெள்ளைச் சேலை வேண்டுமாம். நான் உடுத்திக் காட்டினேன். அவர்களில் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்த பெண், நீங்களே நடிப்பீர்களா என்று கேட்டாள். மகனைப் பறிகொடுத்த தாய் வேடம். பள்ளிக்கூட நாடகத்துக்குப் பிறகு இப்போதுதான் ஒருவர் கேட்கிறார். ஓம் என்றுவிட்டேன்.

முதலாளி அண்ணை: "இனி எங்களோடை கதைப்பீரோ?"

தை 12, புதன்
அம்மாவிடம் சொன்னேன். செத்த வீடு என்றதும் முகம் கறுத்துவிட்டது.

"நடி. ஆனால் அவன்ரை பேர் உன்ரை வாயிலை வரப்படாது."

அவன், என் தம்பி. வீட்டில் கூப்பிடும் பெயர் சின்னவன். வன்னியில் இருந்தவன். 2009 வைகாசிக்குப் பிறகு ஒரு தகவலும் இல்லை. செத்தவர்களுக்குச் செய்யும் அந்தியேட்டியை அவனுக்குச் செய்யச் சொன்ன மாமியோடு அம்மா இப்போது கதைப்பதில்லை. சுவரில் அவன் படம், மாலை இல்லாமல். பெயர் சொல்லி அழுதால் நாங்களே அவனைச் சாகடித்ததாகிவிடுமாம். அதனால் இந்த வீட்டில் யாரும் அழுததில்லை.

வாங்க: பாண், முருங்கைக்காய், மகளுக்கு இருமல் மருந்து.

தை 17, திங்கள்
பாரிசில் ஸ்டாலின்கிராட் மெட்ரோ பக்கம் ஒரு பழைய கட்டடம். விறைக்கும் குளிர். சவப்பெட்டிக்குள் பொம்மை. இயக்குநர் சொல்வித்தார்: தமிழில் எதையாவது சொல்லி அழுங்கள், யாருக்கும் விளங்காது.

முதல் தரம் அழுகை வரவில்லை. இரண்டாம் தரமும் இல்லை. மூன்றாம் தரம் பொம்மையின் கையைப் பிடித்தேன்.

"என்ரை சின்னவா, எங்கையடா கிடக்கிறாய்."

பிறகு நிறுத்த முடியவில்லை. கமெராவை அவர்களும் நிறுத்தவில்லை. முடிந்ததும் எல்லாரும் கை தட்டினார்கள். வெட்கமாக இருந்தது.

கதாநாயகி மட்டும் தட்டவில்லை. தொடரில் பொலிஸ்காரி. ஒரு காலத்தில் பெரிய சினிமா நடிகையாம். இப்போது தொலைக்காட்சி, அடுத்த வருடம் அதுவும் இல்லையாம். ஒப்பனைக்காரப் பிள்ளை காதுக்குள் சொன்னாள்.

கதாநாயகி என் பக்கத்தில் வந்து இருந்தார். அவர் ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல அந்தப் பிள்ளை எனக்குப் பிரெஞ்சில் சொன்னாள். முதல் படத்தில், செத்துப்போன தன் சொந்தத் தங்கையின் பெயரைச் சொல்லி அழுதாராம். பெயர் வாங்கித் தந்ததே அந்தக் காட்சிதான். அதற்குப் பிறகு கூப்பிட்டதெல்லாம் அழுவதற்கு. வீட்டில் என்ன சொன்னார்கள் என்று கேட்டேன். அப்பா அந்தப் படத்தை ஒருநாளும் பார்க்கவில்லையாம்.

தை 18, செவ்வாய்
பெயரை மட்டும் வெட்டச் சொல்லலாமா? கேட்டால் காட்சியையே தூக்கிவிடுவார்கள்.

கேட்கவில்லை. ஆசை. வேறென்ன.

புரட்டாதி 23, வெள்ளி
இன்று தொடரைப் போட்டார்கள். அம்மாவைக் கோயிலுக்கு அனுப்பப் பார்த்தேன்.

"நீ நடிச்சதை நான் பாக்காமல் ஆர் பாக்கிறது?"

எல்லார் பேச்சையும் பிரெஞ்சுக்கு மாற்றியிருந்தார்கள். கதாநாயகியின் வாயிலும் வேறு யாரோ ஒருத்தியின் குரல். நான் மட்டும் என் குரலில், தமிழில். சின்னவா.

"மமோ, செ துவா", அம்மா இது நீ, என்று மகள் பிரெஞ்சில் துள்ளினாள். அம்மம்மாவைத் திரும்பிப் பார்த்தவள் அப்படியே அடங்கிவிட்டாள்.

அம்மா முடியும்வரை பார்த்தார். சாப்பிடாமல் படுத்துவிட்டார். அவர் ஏசியிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறியிருக்கும்.

புரட்டாதி 24, சனி
வெயில். காலையிலேயே, அன்று கடைக்கு வந்த படக்காரப் பெண் போன் எடுத்தாள். வேறொரு படம், வேறொரு தாய். அழ வேண்டுமாம். நேற்றுப் பார்த்தவர்கள் என்னைத்தான் கேட்கிறார்களாம். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். அந்த நடிகையின் நினைவு வந்தது.

கடைக்கு வெளிக்கிட்டபோது அம்மா கதவடியில் நின்றார். கண் வீங்கியிருந்தது. சுவரில் தம்பியின் படம் இல்லை. துடைத்து மேசையில் வைத்திருந்தார்.

"பிள்ளை, வரேக்கை ரூ காய்த் தெருவிலை ஒரு மாலை வாங்கி வா. உந்தப் படத்துக்கு அளவா."

ஓம் என்றேன்.