மஞ்சள் கடுதாசி கொடுத்த நண்பனுக்கு

இன்று காலை பேப்பரில், கட்டம் போட்டு, பொடி எழுத்தில் ஒரு பொது அறிவிப்பு. ஏதோ ஒரு கம்பெனி மீது திவால் நடவடிக்கை தொடங்கியிருக்கிறது, பாக்கி வரவேண்டியவர்கள் ஆதாரத்தோடு விண்ணப்பிக்கவும் என்று. டீக்கடையில் வேறு யாரும் அதைப் படித்திருக்க மாட்டார்கள். நான் இரண்டு முறை படித்தேன். நம் கம்பெனி பெயரும் ஒரு நாள் இப்படித்தான் வந்தது.

அந்தப் பட்டறையை நாம் தொடங்கியபோது ஊரே நம்மை வேடிக்கை பார்த்தது. நீ டவுன்ஷிப் குவார்ட்டர்ஸில் வளர்ந்தவன். உன் அப்பா திருநெல்வேலியிலிருந்து வந்து நிலக்கரி மைன்ஸில் பெர்மனென்ட் ஆனவர். நான் முத்தாண்டிக்குப்பத்து விவசாயி மகன். டிப்ளமோவில் ஒரே பெஞ்ச். வேலைக்கு எழுதிப்போடாமல், வடலூர் சாலையில் ஷெட் போட்டு, கன்வேயர் பெல்ட்டுக்கு அடியில் சுழலுமே அந்த ரோலர்களைச் செய்ய ஆரம்பித்தோம். பதினொரு பேர் நம்மை நம்பி வந்தார்கள். நன்றாகத்தான் போனது, நமக்கு ஆர்டர் கொடுத்துவந்த வெளியூர் ஒப்பந்தக் கம்பெனி ஒரேயடியாகப் படுக்கும்வரை. அவர்கள் தரவேண்டியது வரவில்லை. நாம் பேங்குக்கும் இரும்புக் கடைக்கும் தரவேண்டியது நின்றது.

ஒரு வருஷம் இழுத்துப் பார்த்தோம். பிறகு ஒரு நாள் நீ சென்னை போய் வக்கீலைப் பார்த்துவிட்டு வந்தாய்.

“நாமளே போய்த் திவாலுக்கு மனு போட்டுடலாம்டா,” என்றாய்.

எனக்கு உடம்பெல்லாம் கூசியது. “மஞ்சக் கடுதாசி குடுக்கறதா? எங்க ஊர்ல எப்பிடிரா தலை காட்றது? காச எங்கியோ பதுக்கி வச்சிகினு ஆடறானுங்கன்னு பேசுவாங்க.”

நீ சத்தம் போடவில்லை. “நம்ம நாட்டுல தொழில் தொடங்க நூறு கதவு இருந்துச்சு. மூடணும்னா ஒரு கதவும் இல்ல. அதான் நொடிச்சவன் எல்லாம் சுவரேறிக் குதிச்சு ஓடினான். இப்பதான் ஒரு கதவு வச்சிருக்காங்க. நான் அது வழியாப் போறேன்,” என்றாய். மனு ஏற்கப்பட்டால் ஒரு அதிகாரி வருவார், நிர்வாகம் அவர் கைக்குப் போகும், கம்பெனியை அப்படியே எடுத்து நடத்த ஆள் கிடைக்கிறதா என்று முதலில் பார்ப்பார்கள், கிடைக்காவிட்டால்தான் உடைத்து விற்பார்கள் என்று பொறுமையாகச் சொன்னாய்.

என் காதில் விழுந்தது ஒன்றுதான்: நிர்வாகம் நம் கையைவிட்டுப் போகும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை நான் செய்ததை உனக்கு நினைவுபடுத்த வேண்டியதில்லை. ஆனாலும் எழுதுகிறேன். மேல்பட்டாம்பாக்கத்தில் என் மச்சானுக்கு ஒரு காலி கொட்டகை இருந்தது. மதியம் ஷெட்டில் யாரும் இல்லாத நேரம் பார்த்து லாரியும் கிரேனும் கொண்டுவந்து ரோலர் கடையும் பெரிய லேத்தை ஏற்றிவிட்டேன். அது ஒன்று கையில் இருந்தால் பிழைத்துக்கொள்ளலாம் என்று கணக்கு. உனக்கு யார் சொன்னார்களோ, நீ வந்தாய். லாரியில் ஏறி, லேத்தின் மேலேயே உட்கார்ந்துகொண்டாய்.

“எறங்குடா,” என்றேன்.

“என்னையும் சேத்துக் கொண்டு போ. போற எடத்துல ரெண்டையும் எறக்கி வை.”

“இது நம்ம காசுடா. நாம வாங்கினது.”

“நாம வாங்கினது கடன்ல. இது இல்லாத ஷெட்டை எவன் எடுத்து நடத்துவான்? அந்தப் பதினொரு பேரும் எங்க போவாங்க?”

டிரைவர் பீடி பற்றவைத்துக்கொண்டு எங்கோ பார்த்தான். வெயில் சுட்டது. அரைமணி நேரம் நீ இறங்கவில்லை. கடைசியில் நான்தான் கிரேன்காரனுக்குக் கை காட்டினேன். லேத் பழைய இடத்துக்கே போனது. மறுநாள் நீ நீட்டிய திவால் மனுவில் கையெழுத்துப் போட்டு, பேனாவை மேசைமேல் எறிந்துவிட்டு வந்தேன். கடன் கொடுத்தவர்களை நேரில் பார்த்துச் சொல்லக் கூப்பிட்டாய். வரமாட்டேன் என்றேன். அதற்குப் பிறகு மூன்று வருஷம் உன்னோடு பேசவில்லை.

நடந்ததெல்லாம் பிறர் சொல்லித் தெரிந்துகொண்டதுதான். அதிகாரி வந்து ஒவ்வொரு சாமானாக எழுதினாராம். கோயம்புத்தூர்க்காரர் ஒருவர் பட்டறையை அப்படியே எடுத்துக்கொண்டாராம். பதினொரு பேருக்கும் வேலை நிலைத்தது. நீயும் அங்கேயே சூப்பர்வைசராகச் சம்பளத்துக்குச் சேர்ந்துவிட்டாய் என்று கேட்டபோது எனக்குத்தான் அவமானமாக இருந்தது. உனக்கு இல்லை.

இல்லை என்பதை, பிறகு ஒரு நாள் மனம் கேட்காமல் பட்டறை வாசலில் வந்து நின்றபோது கண்ணால் பார்த்தேன். கழுத்தில் அட்டை மாட்டிக்கொண்டு வந்தாய். “இரு, மேனேஜர்கிட்ட பர்மிஷன் கேட்டுட்டு வரேன்,” என்று நீ கட்டிய ஷெட்டுக்குள் போய், திரும்பி வந்து, “பத்து நிமிஷம் குடுத்திருக்கார். டீ நீ வாங்கு,” என்று சிரித்தாய். லாரியைப் பற்றி அன்றும் பேசவில்லை. அப்புறம் ஆறு வருஷம், நீ போகும்வரை, ஒரு தடவைகூட அந்தப் பேச்சை எடுக்கவில்லை. மன்னிப்புக் கேட்க நான் வாயெடுத்த போதெல்லாம் மழையைப் பற்றியோ பெல்ட்டைப் பற்றியோ ஏதாவது ஆரம்பித்துவிடுவாய்.

உன் சாவுக்கு வடலூர் இரும்புக் கடைக்காரர் வந்திருந்தார். நம்மால் அதிகம் இழந்தவர். நான் அவர் கண்ணில் படாமல் பந்தலின் ஓரத்துக்கு நகர்ந்தேன். அவரே தேடிவந்து பக்கத்தில் உட்கார்ந்தார்.

“பாதிகூட வரலீங்க எனக்கு,” என்றார். “ஆனா எத்தினியோ பேரு என்னை ஏமாத்திகினு போனாங்க, ஒருத்தரும் மூஞ்சியக் காட்டல. இவரு பேப்பர்ல வர்றதுக்கு முன்னாடியே கடைக்கு வந்தாரு. நான் கண்டபடி திட்னேன். நின்னு கேட்டுகினு இருந்தாரு. கடைசியா, ‘நானும் என் பார்ட்னரும் ஒரு ஆணியக்கூட ஒதுக்கலீங்க, எல்லாம் ஷெட்லயே இருக்கு’ன்னு சொன்னாரு. அது என்னிக்குன்னு தெரியுங்களா? செவ்வாக்கெழம. நீங்க ரெண்டு பேரும் கையெழுத்துப் போட்ட மறுநாளாம், அவரே சொன்னாரு.”

ஞாயிறு லாரி. திங்கள் கையெழுத்து. செவ்வாய் நீ அவர் கடையில்.

நான் பேனாவை எறிந்து ஒரு நாள்தான் ஆகியிருந்தது, நண்பா. அவர் என் கையைப் பிடித்து அழுத்திவிட்டு எழுந்து போனார். லாரியைப் பற்றிய உண்மையை நான் அவரிடம் சொல்லவில்லை. ‘நானும் என் பார்ட்னரும்’ என்று நீ சொன்னாயே, அதை இன்னும் வைத்துக்கொண்டிருக்கிறேன். சில நாள் அது கனக்கிறது. சில நாள், எந்தத் தாளிலும் கையெழுத்துப் போடும் முன் என்னை நிறுத்தி, எழுதியிருப்பது உண்மைதானா என்று ஒரு முறை படிக்கவைக்கிறது.