வல்லூறின் சால்வை என்ன நிறம்?

என் அருமை மாப்பிள்ளை சென்னியப்பா,

கை அரிக்கிறது. இடது கை, முழங்கைக்கு மேலே, சட்டைக் கை மறைக்கிற இடம். சொறியவே கூடாது என்று டாட்டூ கடைப் பெண் கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறாள். வலது கை சும்மா இருந்தால் நேராக அங்கேதான் போகிறது. அதனால் அதன் விரலிடுக்கில் ஒரு பேனாவைச் செருகி உனக்கு எழுத உட்கார வைத்துவிட்டேன்.

உன் முதல் வருஷ நினைவு நாளுக்குப் பேப்பரில் போட நாலு வரி எழுதிக் கொடுங்க என்று சரசு கேட்டாள். உனக்குப் பொண்டாட்டி, எனக்குத் தங்கச்சி, இருந்தும் என்னை நம்பி அந்த வேலையைக் கொடுத்தாளே, அவளைச் சொல்ல வேண்டும். 'கண்ணீருடன்' என்று ஆரம்பித்தேன். உன் மூஞ்சி குறுக்கே வந்தது. "ஆரு அழுவறது, நீயாடா?" என்று கேட்டாய். காகிதத்தைக் கிழித்துப் போட்டேன். எட்டாவதோடு நின்றவனுக்கு நாலு வரியில் அடக்கத் தெரியாது மாப்பிள்ளை. இது நீளும். படிக்கிறவர்கள் படிக்கட்டும்.

விடிந்ததிலிருந்து ஏழெட்டு முறை வாசலுக்கும் கொல்லைக்கும் நடந்துவிட்டேன். டீயை வைத்தேன், குடிக்க மறந்தேன். நாளைக்குப் பதினோரு மணிக்கு ஒரு கேள்விக்குப் பதில் சொல்லியாக வேண்டும். வேறென்ன, நம் பழைய கேள்விதான். வல்லூறு வீரன் முதுகில் பறக்கிற சால்வை சிவப்பா, பச்சையா?

உனக்குத் தெரிந்த கதைதான். படிக்கிறவர்களுக்காக ஒருமுறை சொல்கிறேன், பொறுத்துக்கொள். சூலூரில் நாம் ஆறாவது படிக்கும்போது வாடகைப் புத்தகக் கடைக்கு அந்த வல்லூறு வீரன் காமிக்ஸ் வந்தது. முகமூடி, இறுக்கமான உடுப்பு, கழுத்தில் முடிந்த சால்வை, மில் புகைபோக்கி உயரத்துக்குப் பறக்கிற ஆள். உள்ளே எல்லாம் கறுப்பு வெள்ளை. அட்டை மட்டும் கலர். நான் முதலில் எடுத்துப் படித்தேன். உன் கைக்கு வந்தபோது அட்டை இல்லை. "வரும்போதே இல்லைடா" என்றேன்.

"சால்வை செவப்பாத்தான் இருக்கும்டா. இல்லைன்னா மூணாம் பக்கத்துல காளை எதுக்குத் தொரத்துது?" என்றாய் நீ.

"பச்சைடா. புல்லுன்னு நெனச்சுத் தொரத்துது" என்றேன் நான்.

உன் காது இரண்டும் அப்படியே சிவந்தன. எனக்கு அது ரொம்பப் பிடித்துப் போயிற்று. ஒரு ஆளின் காதைச் சிவக்க வைக்க ஒரே ஒரு சொல் போதும் என்றால் யார்தான் விடுவார்கள்? ஒன்றிரண்டு குறைய அறுபது வருஷம் விடவில்லை. என் தங்கச்சி கழுத்தில் தாலி கட்டிவிட்டுப் பந்தியில் உட்கார்ந்ததும் நீ என் காதோரம் குனிந்து "செவப்பு" என்றாய். நான் உன் இலையில் கிடந்த பச்சை மிளகாயைத் தொட்டுக் காட்டினேன். பொண்ணு வீட்டுக்காரன், மாப்பிள்ளை என்றெல்லாம் அன்றைக்கே நமக்குள் மரியாதை பார்க்கவில்லை.

கமலா போனபோதுகூட நீ விடவில்லை. நீ போவதற்கு ஒன்பது வருஷம் முன்னால், என் பொண்டாட்டி போய்ப் பத்தாம் நாள். நான் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தேன், யாரோடும் ஒரு வார்த்தை பேசாமல். நீ வந்தாய், பக்கத்தில் உட்கார்ந்தாய், "டேய் மச்சான், அது செவப்புதானே?" என்றாய். எழவு வீட்டில் கலர் பேசுகிறானே என்று எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. "பச்சை" என்றேன். பத்து நாளில் என் வாயிலிருந்து வந்த முதல் சொல் அது. உன்னை அன்றைக்கு வைத வசவு உனக்கு நினைவிருக்கும்.

பிறகு ஒருநாள் உன் மோட்டார் வைண்டிங் கடைக்கு ஒரு கஸ்டமர் வந்தார். கை முழுக்க வெளிநாட்டுக் காமிக்ஸ் வீரன் ஒருவனை டாட்டூ குத்தியிருந்தார். அவர் போகும்வரை தாமிரக் கம்பியைக் கையில் வைத்துக்கொண்டு அந்தக் கையையே பார்த்தாய்.

"நம்மாளை எவனாச்சும் குத்தியிருக்கானா மச்சான்? ஒருத்தனுமில்ல. நாம குத்திக்கலாம். எழுவதாவது பொறந்த நாளைக்கு. ஒரே கடை, ஒரே படம்."

"வா, இன்னிக்கே போலாம்" என்றேன்.

"சித்தெ இரு. நெறம் முடிவாகட்டும். தப்பான கலரைக் குத்திப்போட்டு சாகற வரைக்கும் சொமக்க முடியாது."

அதற்குப் பிறகு எத்தனை முறை கூப்பிட்டேன்? ஒவ்வொரு முறையும் நிறம், நிறம் என்றுதான் தள்ளினாய். எழுபதுக்கு இரண்டு மாசம் இருக்கும்போது, ஒரு காலை வேளையில், பாதி சுற்றிய மோட்டாரின் மேல் சாய்ந்து போய்விட்டாய். கை வெறுமையாகவே போய்ச் சேர்ந்தது.

இந்த ஒரு வருஷமாக என்னை உட்காரவிடாமல் அரிப்பது டாட்டூ இல்லை மாப்பிள்ளை. அட்டையைக் கிழித்தவன் நான். அந்தப் படம் அவ்வளவு பிடித்திருந்தது, கிழித்துச் சட்டைக்குள் போட்டுக்கொண்டேன். அன்றிலிருந்து இன்றுவரை என் தகரப் பெட்டியில், ரேஷன் கார்டுக்கு அடியில்தான் இருக்கிறது. சால்வை சிவப்பு. நல்ல குங்குமச் சிவப்பு. முதல் நாளிலிருந்தே எனக்குத் தெரியும்.

முதல் வாரம் சொல்லியிருந்தால் ஒரு குத்தோடு போயிருக்கும். ஒரு வருஷம் கழித்துச் சொல்ல வெட்கம். பிறகு சொல்லவே முடியாத அளவுக்கு வளர்ந்துவிட்டது. என் கிண்டலால்தான் நீ ஆசைப்பட்டதைக் குத்திக்கொள்ளாமல் போனாய் என்ற எண்ணம் தொண்டையில் மீன்முள் மாதிரி நின்றது. சரி, நானாவது குத்திக்கொள்வது என்று கிளம்பினேன். ஆனால் குத்துகிறவளுக்குப் படம் காட்ட வேண்டுமே? இருக்கிற ஒரே படம் அந்த அட்டை. அதைக் காட்டினால் குட்டு உடையும். உன் மச்சான் மூளையைப் பார்: பஸ் ஸ்டாண்ட் பக்கத்து ஜெராக்ஸ் கடையில் அட்டையைக் கறுப்பு வெள்ளையில் ஒரு காப்பி எடுத்துக்கொண்டு ஆர்.எஸ்.புரத்துக்குப் பஸ் ஏறினேன்.

பட்டுக் கடைக்கு மேல் மாடியில் கடை. இரண்டு முறை பாதிப் படி ஏறிவிட்டு இறங்கி வந்தேன். கீழே பட்டுக் கடைக்காரர் "வாங்க, முகூர்த்தப் பட்டுங்களா?" என்று கேட்டார். "ஆமாங்க, எனக்குத்தான்" என்று சொல்லிவிட்டு மூன்றாம் முறை ஏறினேன். பிருந்தா என்று ஒரு பெண், காதில் ஏழு வளையம், பேச்சில் ஏழு ங்க.

"தாத்தா, பேரப்பையனுக்குங்களா?"

"எனக்குத்தான் கண்ணு. மேல எடமிருக்குதா பாரு."

சுகர் இருக்கிறது என்றதும் டாக்டர் சீட்டு கேட்டுத் திருப்பி அனுப்பினாள். சீட்டோடு போனேன். சிரிக்கவில்லை அவள். காமிக்ஸ் பைத்தியங்கள் என்னென்ன குத்திக்கொள்கிறார்கள் என்று கையகல டி.வி. ஒன்றில் ஒவ்வொன்றாகத் தள்ளித் தள்ளிக் காட்டினாள். நீ பார்த்திருக்க வேண்டும். மணிக்கட்டில் வீரனின் முத்திரை மட்டும், பொத்தான் அளவுக்கு. வாட்ச் கட்டினால் மறைந்துவிடும், அதற்கு எதற்கு வலி? நெஞ்சில் தோல் கிழிந்து உள்ளே வீரனின் உடுப்பு தெரிகிற மாதிரி ஒன்று. அதுதான் இப்போது நிறையப் பேர் கேட்கிறார்களாம். என் நெஞ்சு முடிக்கு அது பருத்திக் காட்டில் காக்கா உட்கார்ந்த மாதிரி இருக்கும். முதுகு முழுக்க இறக்கை ஒன்று. முதுகில் குத்தினால் நான் எப்படிப் பார்ப்பது? பாதி முகம் நம் முகம், பாதி முகமூடி என்று ஒன்று.

"என்ற மூஞ்சிக்கு முழுசாவே முகமூடி போட்டுரு கண்ணு" என்றேன். அப்போதுதான் சிரித்தாள்.

காமிக்ஸ் கட்டத்தையே பெயர்த்து எடுத்த மாதிரி, சுற்றிலும் கோடு, புள்ளி புள்ளியாக வானம், 'டமால்' என்று எழுத்து, அதுவும் இருந்தது. அதற்கு அடுத்து வந்ததைத்தான் என்னால் தள்ள முடியவில்லை. இரண்டு பேர் கை. ஒருவர் கையில் வீரன். அவன் சால்வை பறந்து போய் இன்னொருவர் கையில் முடிகிறது. கைகளைச் சேர்த்து வைத்தால்தான் படம் முழுசு.

"ஃப்ரெண்ட்ஸ் சேந்து போட்டுக்கறதுங்க தாத்தா. உங்க ஃப்ரெண்டையும் கூட்டிட்டு வாங்க, நல்லா வரும்."

"அவன் வெளியூரு போயிருக்கான் கண்ணு" என்றேன்.

கடைசியில் ஜெராக்ஸில் இருந்தபடியே போடச் சொன்னேன். வல்லூறு முதுகைக் காட்டிக்கொண்டு மேலே பறக்கிறான், சால்வை விரிந்து கிடக்கிறது. வயசான தோல், முதலில் கோடு மட்டும் போட்டு ஆறவிடலாம், கலர் அப்புறம் என்றாள். ஊசி சத்தம் உன் வைண்டிங் மிஷின் சத்தம் மாதிரியே இருந்தது. நான் கத்தவில்லை. கொஞ்சம்தான் கத்தினேன். முடித்துத் துடைத்துவிட்டு அவள் கேட்டாள், "சால்வைக்கு என்ன கலருங்க தாத்தா?"

ஜெராக்ஸை மடித்துச் சட்டைப் பையில் வைத்தேன். பச்சை என்றால் பொய்யைத் தோலில் குத்திக்கொண்டு உன்னிடம் வர வேண்டும். சிவப்பு என்றால் சரசு பார்ப்பாள், உங்களுக்கு எப்படித் தெரியும் என்பாள். அப்போது நான் என்ன சொல்வேன்? அவள் புருஷனின் ஆசையைக் கெடுத்தவன் நான்தான் என்றா? "சொல்லி அனுப்பறேன்" என்று சொல்லிவிட்டுப் படி இறங்கி ஓடி வந்துவிட்டேன். பதினைந்து நாளாயிற்று. நாளைக்குக் கலர் போடுகிற நாள்.

இன்று காலை சரசு வந்தாள். கையில் ஒரு பிளாஸ்டிக் கவர்.

"ஏனுங்ணா, ஜெராக்ஸ் கடையில எதையோ மறந்துபோட்டு வந்துட்டீங்களாமா? மிஷின்லயே விட்டுட்டுப் போனதை எடுத்து வெச்சிருந்து, கடைக்காரரு இன்னிக்குத்தான் ஊட்டுக்குக் கொண்டாந்து குடுத்தாரு."

அட்டை. காப்பியை எடுத்துக்கொண்டு அசலை மிஷினிலேயே விட்டுவிட்டு வந்திருக்கிறேன். அதற்குப் பிறகு பெட்டியைத் திறக்கவே பயந்துகொண்டிருந்ததால் தெரியவில்லை. அவள் கையில் அந்தச் சிவப்பு பளபள என்று இருந்தது.

"அது... எங்கயோ கெடச்சுது அம்மணி. போன வாரம்."

"பொய் சொன்னா உங்களுக்கு மூக்கு வேர்க்குமுங்ணா. தொடச்சுக்கோங்க."

"மாப்பிள்ளைக்கு மட்டும் தெரிஞ்சிருந்தா என்னைக் கொன்னுபோட்டிருப்பான்."

"அவருக்குத் தெரியுமுங்ணா."

"எப்பிடி அம்மணி?" என்றேன்.

"கமலா நங்கையா போனப்ப எறப்பு சர்ட்டிபிகேட்டுக்கு ரேஷன் கார்டு வேணும்னு உங்க பெட்டியைத் தொறந்தது அவருதானுங்களே. ஒம்பதாம் நாளு. ஊட்டுக்கு வந்து சோறு திங்காம தனியாச் சிரிச்சுட்டு உக்காந்திருந்தாரு. எழவூட்டுக்குப் போயிட்டு வந்து என்னங்க சிரிப்புன்னு கேட்டேன். 'உங்கொண்ணன் அம்பது வருசமா என்னைய ஏமாத்தியிருக்கான் சரசு, திருட்டுப்பய'ன்னாரு."

"அப்பறம் ஏன் எங்கிட்டக் கேக்கலை?"

"நானும் அதைத்தான் கேட்டேன். 'கேட்டா சண்டை முடிஞ்சு போயிரும். அவன் வாயே தொறக்காம செவுத்தைப் பாத்துட்டு உக்காந்திருக்கான். இப்ப அவனுக்குச் சண்டை வேணும்'னாரு. மறுநாளுதானுங்ணா உங்க பக்கத்துல வந்து உக்காந்து செவப்புன்னது."

அட்டையை அவள் கையிலிருந்து வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். பிறகு கேட்டேன்: "தெரிஞ்சவன் எதுக்கு நெறம் நெறம்னு டாட்டூவைத் தள்ளிப்போட்டான்?"

சரசு முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தாள். நீ போன பிறகு அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. "ஊசின்னா பயமுங்ணா அவருக்கு! சுகர் டெஸ்டுக்கு ஒரு சொட்டு ரத்தம் எடுக்கறதுக்கே என்ற கையைப் புடிச்சு நசுக்கிப்போடுவாரு. உங்ககிட்டச் சொன்னா காலத்துக்கும் ஓட்டுவீங்கன்னு நெறத்து மேல பழியைப் போட்டுட்டாரு."

அடப்பாவி. கரண்டுக் கம்பியில் கை வைக்கிறவனுக்கு ஊசிப் பயமா? நான் ஒரு வருஷமாகத் தூங்காமல் கிடந்தேனே, அங்கே உட்கார்ந்து பார்த்துக்கொண்டுதான் இருந்தாயா? கடைசி ஒன்பது வருஷம் நான் 'பச்சை' என்றபோதெல்லாம் உன் காது சிவந்ததே, அது எப்படி? அதையும் எனக்காக வரவழைத்துக்கொண்டாயா? கிண்டல் செய்தது யார், மாட்டிக்கொண்டது யார் என்றே இப்போது எனக்குப் புரியவில்லை.

பதில் முடிவாகிவிட்டது, ஆனாலும் உட்கார முடியவில்லை. நாளைக்கு அசல் அட்டையையே எடுத்துக்கொண்டு போகிறேன். அதே குங்குமச் சிவப்பு, ஒரு துளி குறையாமல். சரசுவும் கூட வருகிறாள். "கையைப் புடிச்சுக்க ஆளு வேணுமில்லீங்ணா" என்கிறாள். உன் ரகசியத்தைச் சொன்ன திமிர் அவளுக்கு.

பேப்பர் விளம்பரத்துக்கு நாலு வரி வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். உன் படம் கறுப்பு வெள்ளையில் வரும். அதன் கீழே ஒரே வரி: 'சிவப்புதான், மாப்பிள்ளை.' ஊர் என்ன வேண்டுமானாலும் நினைத்துக்கொள்ளட்டும்.

ஒன்று மட்டும் சத்தியமாகச் சொல்கிறேன். நான் அங்கே வந்ததும் முதல் வேலையாகச் சட்டைக் கையைச் சுருட்டி உன்னிடம் காட்டுவேன். நீ பார்த்துவிட்டு "செவப்பு" என்று சொல்ல வேண்டும். நான் "பச்சை" என்பேன். பேப்பரில் ஒப்புக்கொண்டாயே என்று கேட்டால், அச்சடித்தவன் தப்பாகப் போட்டுவிட்டான் என்பேன். சண்டையை விடமாட்டேன். நீ காதைத் தயாராக வைத்திரு.

இப்படிக்கு,
கையில் தோற்று, வாயால் தோற்காத
உன் மச்சான்
வேலுச்சாமி