பேருக்கு ஒரு விவாகரத்து

2001 மார்ச் 6

மழை. மகள் நீனியின் பள்ளிக் காலணி காயவில்லை. பழையதைப் போட்டுக்கொண்டு முணுமுணுத்தபடியே போனாள்.

பிற்பகலில் கூட்டம். எங்கள் சிறுதொழில் துறை இனி இல்லையாம். வட்டத்தின் பொருளாதார, வணிகக் குழுவுக்குள் ஒரு சின்னப் பிரிவாகச் சுருங்குகிறது. முப்பத்தெட்டுப் பேரில் பதினான்கு பேர் மிஞ்சுவார்கள். விருப்பமுள்ளவர்கள் மேடையேறிப் பேச வேண்டும், மற்றவர்கள் வாக்களிப்பார்கள்.

இயக்குநர் கெங் வாசித்த உரையை எழுதியது என் கணவன் வென்ஃபு. பதினைந்து வருடமாக இயக்குநர்கள் மாறுகிறார்கள், எழுதுகிற கை மாறவில்லை. ‘கெங்கோட பேனா’ என்றுதான் அவனை எல்லோரும் சொல்வார்கள். "சீர்திருத்தம் என்பது நம் உடம்பில் நாமே கத்தி வைப்பது" என்ற வரியை நேற்று சாப்பாட்டு மேசையில் எனக்குப் படித்துக் காட்டினான். நல்லா இருக்கு என்றேன். எத்தனை பேர் என்ற எண்களுக்கு மட்டும் இடம் விட்டு எழுதச் சொல்லியிருந்தார்கள். யார் உடம்பு என்று இரண்டு பேருமே கேட்டுக்கொள்ளவில்லை.

கடைசியில் ஒரு விதி: கணவனும் மனைவியும் ஒரே துறையில் இருந்தால் ஒருவர்தான் போட்டியிடலாம். தலைகள் எல்லாம் எங்கள் பக்கம் திரும்பின. எங்கள் துறையில் தம்பதி நாங்கள் மட்டும்தான்.

என் மேசைக்கு எதிர்மேசை பாவ் அக்கா காதோடு சொன்னாள்: "உன் வீட்டுக்காரரைப் போகச் சொல்லுடி. ஆம்பளை, எங்க போனாலும் பொழச்சுக்குவான்."

மார்ச் 8

யார் போட்டியிடுவது என்று இன்னும் பேசவில்லை. சோறு குழைந்துவிட்டது. அதைப் பற்றிப் பேசினோம்.

மார்ச் 11

ஞாயிறு. நீனி தோழி வீட்டுக்குப் போன பிறகு வென்ஃபுதான் ஆரம்பித்தான்.

"எனக்கு நாப்பத்திமூணு வயசு, சூலான். அடுத்தவனுக்கு உரை எழுதறதைத் தவிர எனக்கு வேற என்ன தெரியும்?"

"எனக்கு மட்டும்? புள்ளிவிவரத்தைக் கடைத்தெருவுல கூறு போட்டு விக்க முடியுமா?"

தேநீர்க் கோப்பையை மேசையில் கவிழ்த்து வைத்தான். பிறகு, கெங் ஒரு வழி சொன்னார் என்றான். நேராகச் சொல்லவில்லையாம். விவாகரத்தானவர்கள் தம்பதிக் கணக்கில் வரமாட்டார்கள் என்று பொதுவாகச் சொன்னாராம்.

"சும்மா பேருக்குத்தான். ரெண்டு பேரும் போட்டியிடலாம். பட்டியல் வந்ததும் திரும்பப் போய்ப் பதிஞ்சுக்கலாம். உனக்கு இன்னொரு தடவை கல்யாணச் சாப்பாடு, வேண்டாமா?"

பாத்திரம் துடைக்கிற துணியை அவன் மேல் எறிந்தேன். சிரித்தான். நானும் சிரித்தேன். அப்புறம் துணியை எடுக்கக் குனிந்தபோது எனக்கு அழுகை வந்தது. ஏன்? அதான் பேருக்குன்னு சொல்லிட்டானே!

மார்ச் 22

முடிந்தது.

துறையின் அறிமுகக் கடிதம் இல்லாமல் பதிவு அலுவலகத்தில் வாங்க மாட்டார்கள். முத்திரை குத்தியவர் கெங். "நல்லா யோசிச்சீங்களா?" என்று விதிப்படி கேட்டார். முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை.

பதிவு அலுவலகத்து அம்மாள் அத்தனை சுலபமாக விடவில்லை. சமாதானம் செய்து பார்ப்பது அவள் வேலை.

"பதினாலு வருஷம் சேர்ந்து சாப்பிட்டிருக்கீங்க. அப்படி என்னதான் சண்டை?"

ஒத்திகை பார்த்து வைத்திருந்தோம். அவன் குறட்டை, என் வாய், அவன் அம்மா. நான் குறட்டையைச் சொன்னேன். அம்மாள் சிரித்துவிட்டாள். குறட்டைக்கெல்லாம் விவாகரத்து கொடுத்தா ஊர்ல ஒரு குடும்பம் மிஞ்சாது என்றாள். அவன் பக்கம் திரும்பினாள்.

"இவ என்னை மதிக்கறதே இல்லை" என்றான் வென்ஃபு. "எதைப் படிச்சுக் காட்டினாலும் ‘நல்லா இருக்கு’ன்னு சொல்லுவா. காதுல வாங்கிக்கவே மாட்டா. வீட்ல நானும் ஒரு நாற்காலி."

ஒத்திகையில் இது இல்லை.

அம்மாள் சான்றிதழை எடுத்து எழுத ஆரம்பித்தாள். வெளியே வந்ததும், "எப்படி நடிச்சேன் பாத்தியா?" என்றான். நல்லா இருந்தது என்று சொல்ல வாயெடுத்து, விழுங்கிக்கொண்டேன்.

மார்ச் 29

யாரோ மொட்டைக் கடிதம் போட்டிருக்கிறார்கள் – விவாகரத்தானவர்கள் ஒரே வீட்டில் சமைத்துச் சாப்பிடுகிறார்கள் என்று. கெங் கூப்பிட்டுச் சொன்னார். நானும் நீனியும் துறையின் விடுதி அறைக்கு வந்துவிட்டோம். வீடு அவன் பேரில், பிள்ளை என் பேரில். அப்படித்தான் எழுதிக்கொடுத்திருக்கிறோம்.

நீனி: "அம்மா, நான் அப்பாவைப் பார்த்தா பேசணுமா, கூடாதா?"

பன்னிரண்டு வயசுப் பிள்ளை கேக்கற கேள்வியா இது!

ஏப்ரல் 15

யாருக்கும் தெரியாமல் ஆற்றங்கரையில் சந்தித்தோம். வென்ஃபு தாமரைக்கிழங்கு சூப் கொண்டு வந்தான், தூக்குப் பாத்திரத்தில். உப்பு தூக்கல். ஒரே கரண்டியில் மாற்றி மாற்றிக் குடித்தோம். படகுத் துறையில் யாரோ தெரிந்தவர் வர, அவன் ஒரு பக்கம் நான் ஒரு பக்கம் ஓடி, திரும்ப வந்து மூச்சு வாங்கச் சிரித்தோம். கல்யாணத்துக்கு முன்னால்கூட நாங்கள் இப்படி இருந்ததில்லை.

இன்றைக்குச் சந்தோஷமாக இருந்தேன். அதை எழுதி வைக்கிறேன்.

மே 9

மேடைப் பேச்சுக்கு எனக்கு மூன்று வரிக்கு மேல் வரவில்லை. வென்ஃபுவிடம் கேட்டேன். மறுநாளே எழுதிக் கொண்டுவந்து கொடுத்தான். என் பன்னிரண்டு வருட வேலையை நானே மறந்திருந்தேன். குடைத் தொழிற்சாலை பொய்க்கணக்குக் கொடுத்தபோது நான் கையெழுத்திட மறுத்ததுகூட அதில் இருந்தது.

"உன்னோடது எழுதிட்டியா?"

"எழுதிக்கலாம். எனக்குன்னு உக்காந்தா கை ஓடமாட்டேங்குது."

மே 18

எனக்குக் கிடைத்துவிட்டது. அவனுக்குக் கிடைக்கவில்லை.

நான் பேசி முடித்ததும் பாவ் அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அடுத்து அவன். எத்தனை இயக்குநர்களைப் பேச வைத்தவன்! "தோழர்களே" என்று தொடங்கி, கெங் செருமுவது போலவே தொண்டையைச் செருமினான். அவனையும் அறியாமல்தான். கூட்டமே சிரித்தது. அவனும் கூடச் சிரிக்கப் பார்த்தான். இரண்டு நிமிடத்தில் இறங்கிவிட்டான்.

நான் அவனுக்குத்தான் வாக்களித்தேன். போதவில்லை.

பாவ் அக்காவுக்கும் இல்லை. "போகட்டும்டி, முட்டி வலிக்கு ஓய்வு" என்றாள். பிறகு கழிவறையில் அவள் அழுவது கேட்டது.

மே 21

"இப்ப துறையில ஒருத்தர்தானே இருக்கோம், போய்ப் பதிஞ்சுக்கலாம்" என்றேன் வென்ஃபுவிடம். அவன் ஏற்கெனவே கெங்கிடம் கேட்டானாம். என் நியமனம் உறுதியாக ஒரு வருடம் ஆகும். அதற்குள் மறுபடி பதிந்தால், விதியை ஏமாற்றியதாக மேலிடத்தில் பிடித்துக்கொள்வார்கள் என்றாராம். கெங்கையே இப்போது துணைப் பதவிக்கு இறக்கிவிட்டார்கள். அவர் பாடே அந்தரத்தில்.

சரி, ஒரு வருடம்.

ஜூன் 17

அவனுக்குக் கொடுத்தது குடைத் தொழிற்சாலை அலுவலகத்தில் ஒரு நாற்காலி. தொழிற்சாலை ஓடி இரண்டு வருடமாகிறது. ஒரு வாரம் போய் உட்கார்ந்தான். இன்று தெற்கே தொழிற்சாலைகள் நிறைந்த துங்குவானுக்குப் பேருந்து ஏறிவிட்டான். அங்கே விளக்குத் தொழிற்சாலை ஒன்றில் அறிவிப்பு எழுத ஆள் வேண்டுமாம்.

நானும் நீனியும் மறுபடி வீட்டுக்கு வந்துவிட்டோம். அவன் செருப்பு வாசலிலேயே கிடக்கிறது. எடுக்கவில்லை.

ஆகஸ்ட் 3

புதிய அலுவலகம். எல்லோருக்கும் கணினி. நாள் முழுக்கத் தலைவலி.

அக்டோபர் 1

தேசிய நாளும் நிலாப் பண்டிகையும் இந்த வருடம் ஒன்றாக வந்துவிட்டன. நிலாப் பணியாரத்தை நீனி மூன்றாக வெட்டினாள். நாங்கள் இரண்டு பேர். மூன்றாவது யாருக்கு என்று நான் கேட்கவில்லை.

தொலைபேசியில் வென்ஃபு வெகுநேரம் பேசினான். அங்கே இவன் எழுதும் சுவர்ப்பத்திரிகையைத் தொழிலாளர்கள் கூட்டம் போட்டுப் படிக்கிறார்களாம். யாரோ ஒரு பெண் அழுதாளாம். அவன் குரலே வேறு மாதிரி இருந்தது, இளவட்டம் போல.

"என்ன எழுதினே? படிச்சுக் காட்டேன்" என்றேன்.

"இன்னொரு நாள்" என்றான்.

2002 பிப்ரவரி 16

சந்திரப் புத்தாண்டுக்கு வந்திருக்கிறான். இளைத்திருக்கிறான், முடியைக் குட்டையாக வெட்டியிருக்கிறான். நீனிக்கு மஞ்சள் விளக்கு ஒன்று. வந்ததிலிருந்து நடுக்கூடத்தில் படுக்கிறான். நீனி வளர்ந்துவிட்டாள், அவளுக்கு எதற்குச் சங்கடம் என்றான்.

இன்று மீன் செதில் சுரண்டிக்கொண்டே கேட்டேன்: "மே மாசம் நியமனம் உறுதியாயிடும். லீவு போட்டு வர்றியா? பதிஞ்சுடலாம்."

குழாயை மூடிவிட்டுத் திரும்பினேன்.

"சூலான், கோவிச்சுக்காதே. அங்க வேற பொம்பளை எல்லாம் இல்ல. சத்தியமா இல்ல."

"அப்புறம்?"

"அங்க யாரும் என்னைக் கெங்கோட பேனான்னு கூப்பிடறதில்ல. சூலான் புருஷன்னும் சொல்றதில்ல. என் பேரைச் சொல்லிக் கூப்பிடறாங்க. நான் எழுதினதுக்குக் கீழ என் பேரே இருக்கு. இங்க திரும்பி வந்தா... தோத்தவன், பெண்டாட்டி வேலையில சாப்பிடறவன். எனக்கு முடியாது."

"நான் அப்படி ஒரு நாளாவது சொன்னேனா?"

"நீ சொல்ல மாட்டே. எனக்குக் கேட்டுக்கிட்டே இருக்கும்."

கையெல்லாம் செதில். எதையாவது தூக்கி எறிய வேண்டும் போல் இருந்தது. அன்றைக்கு எறிய ஒரு துணி இருந்தது. இன்றைக்கு மீன்தான். வாணலியில் போட்டேன். அடிப்பிடித்தது. இரண்டு பேரும் சாப்பிட்டோம். நல்லா இருக்குன்னான். பாவி.

பிப்ரவரி 19

போய்விட்டான்.

மே 20

நியமனம் உறுதியானது. கடிதம் வந்தது. அலுவலகத்தில் எல்லோருக்கும் மிட்டாய் கொடுத்தேன்.

செப்டம்பர் 13

வீட்டை என் பேருக்கு மாற்றிக்கொடுக்க வென்ஃபு வந்திருந்தான். நான் கேட்கவில்லை. "நீனி படிக்கணும், வீட்டைப் பத்தின கவலை உங்களுக்கு இருக்கக் கூடாது" என்றான். வேலை காலையிலேயே முடிந்துவிட்டது.

நானும் பேருந்து நிலையம் வரை போனேன். தேநீரில் வேகவைத்த முட்டை நான்கு வாங்கிக் கொடுத்தேன். வண்டி கிளம்ப நேரம் இருந்தது. போன வாரம் எழுதியதைப் படிக்கட்டுமா என்று கேட்டான். படித்தான். சம்பளநாள் அன்று ஊருக்குப் பணம் அனுப்ப அஞ்சல் நிலையத்தில் வரிசையில் நிற்கும் பெண்களைப் பற்றி. இந்த முறை ஒரு சொல் விடாமல் கேட்டேன். அவன் தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டான்.

வண்டி திரும்பும்போது பின்னாலிருந்து யாரோ கூப்பிட்டார்கள். புதிதாகச் சேர்ந்த எங்கள் அலுவலகத்துப் பெண், ஊருக்குப் போக நிற்கிறாளாம்.

"அக்கா, இப்ப வண்டியில கையாட்டினாரே, உங்க வீட்டுக்காரரா?"

"இல்லம்மா" என்றேன். "என் பொண்ணோட அப்பா."