மூன்று மொழியிலும் ஒரே பதில்

உன் கைமைக்கை, அந்தப் பேட்டரி ஒலிபெருக்கியை, இன்று பரண்மேலிருந்து இறக்கினேன். உள்ளே கிடந்த பேட்டரிகள் கசிந்து, பச்சை பூத்து, நாற்றம் குப்பென்று முகத்தில் அடித்தது. தெருமுனையில் பிரசார ஆட்டோ ஒன்று போய்க்கொண்டிருந்தது. எங்கோ பேசிப் பதிவு செய்து அனுப்பிய குரல். ஓசூரில் ஓட்டுக் கேட்கிற ஆட்டோவில் தமிழ் மட்டுமாம்! நீ இருந்திருந்தால் செருப்பைக் கழற்றியிருப்பாய்.

நாம் இருவரும் ஒரே கம்பெனியில் ஒரே லைனில் நின்றவர்கள். நான் கோவில்பட்டிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்தவள். நீ இந்த மண்ணிலேயே பிறந்தவள். வீட்டில் தெலுங்கு, கடைத்தெருவில் கன்னடம், என்னிடம் தமிழ். தேர்தல் வந்தால் லீவு போட்டுவிட்டு ஆட்டோவில் மைக் பிடிக்கப் போய்விடுவாய், எந்தக் கட்சி கூப்பிட்டாலும். "ஏமே, கட்சி அவங்களுது, வாய் என்னுது" என்பாய்.

இந்தத் தொகுதியின் கதையை டீ இடைவேளைகளில் நீதான் சொன்னாய். ஒருகாலத்தில் இங்கே நிற்கிறவருக்கு மூன்று பாஷையும் வர வேண்டுமாம். வராதவர் கும்பிடு மட்டும் போட்டுவிட்டுப் போக வேண்டியதுதானாம். நிலக்காரர்களும் ஊர்ப் பெரிய வீடுகளும் கைகாட்டியவர் ஜெயிப்பார். பிறகு கம்பெனிகள் வந்தன, என்னைப் போன்றவர்கள் பஸ் பஸ்ஸாக வந்து இறங்கினோம். தொகுதியின் எல்லையை மாற்றி வரைந்தார்கள், நகராட்சி மாநகராட்சியானது. கட்சிக்காரர்கள் தெருவைப் பார்த்தே பிரித்துவிட்டார்கள்: இது தெலுங்கு ஓட்டு, அது கன்னட ஓட்டு, கம்பெனி ஆட்கள் வாடகைக்கு இருக்கிற குவார்ட்டர்ஸ் வெளியூர் ஓட்டு. ஓட்டுப் போட ஊருக்குப் போகிறேன் என்று நான் சொன்னபோது சீறினாயே! "குடிக்கிற தண்ணி இங்க, ஓட்டு அங்கயா?" என் பெயரை இந்த ஊருக்கு மாற்ற வைத்துவிட்டுத்தான் ஓய்ந்தாய்.

நாம் குடித்தது நம் ஏரித் தண்ணீர். ஒரு தேர்தலில் உன்னை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு வந்த வேட்பாளர், காலையில் ஏரிக்கரை விவசாயிகளிடம், "இந்த ஏரியை ஒரு பய தொட முடியாது" என்று தெலுங்கில் சத்தியம் செய்தார். சாயங்காலம் எங்கள் குவார்ட்டர்ஸில், "அந்த ஏரியை மூடி உங்களுக்கெல்லாம் வீட்டுமனை" என்று தமிழில் முழங்கினார். நாங்கள் கைதட்டினோம். வாடகை வீட்டில் வதங்குகிறவர்கள் வேறென்ன செய்வோம்? நீ மைக்கை வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோனாய். "காலைல அங்க என்ன சொன்னாருன்னு சொல்றேன், கேட்டுக்குங்க." அவர் தெலுங்கில் சொன்னதை அப்படியே தமிழில் சொன்னாய். கைதட்டல் நின்றுபோனது. "இறக்குங்கடா அவள!" என்று வேட்பாளர் கத்தினார். இறங்கினாய், ஆனால் வீட்டுக்குப் போகவில்லை. நேரே ஏரிக்கரைக்கு நடந்து, தமிழில் சொன்னதைத் தெலுங்கில் சொன்னாய். அவர் தோற்றார். ஜெயித்தவரும் ஏரிப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை, அது வேறு கதை.

அதற்கப்புறம்தான் குந்தாரப்பள்ளிச் சந்தையில் ஒரு மாட்டு வியாபாரியிடம் மல்லுக்கட்டி இந்தக் கைமைக்கை வாங்கி வந்தாய். "இனிமே எவன் ஆட்டோவும் வேணாமே." பொதுத்தேர்தலோ இடைத்தேர்தலோ, வருகிறவர் யாரானாலும் ஏரியைப் பற்றி ஒரே கேள்வி. ஒரே பதிலை மூன்று மொழியிலும் சொன்னால்தான் வண்டி தெருவுக்குள் நுழையலாம். சிலர் சொன்னார்கள், சிலர் திட்டினார்கள். நீ அசைந்ததில்லை. ஏரி இன்னும் மூடப்படாமல் கிடக்கிறது என்றால் சும்மா இல்லை.

போன மழையில் ஒரு காய்ச்சல் உன்னைக் கொண்டுபோனது. ஏட்டி, இத்தனை பேரை வழிமறித்தவளுக்கு அதை மறிக்கத் தெரியவில்லையே என்று இன்னும் ஆத்திரமாக வருகிறது.

நேற்று புதிய வேட்பாளர் ஒருவர் வந்தார். மாலை, பட்டாசு, பொன்னாடை எல்லாம் உண்டு. நான் போய் வண்டிக்கு முன்னால் நின்றேன். "ஏரிய விப்பீங்களா, மாட்டீங்களா?" சிரித்தார். நீ சொல்லிக்கொடுத்தபடி அதையே தெலுங்கில் கேட்டேன். "செருவு அம்முதாரா, லேதா?" என் தெலுங்கைக் கேட்டு, தெருவோரம் உட்கார்ந்திருந்த தெலுங்குக்காரப் பூக்கார அம்மா தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் எழுந்து வந்து என் பக்கத்தில் நின்றார். "கெரெ மார்தீரா, இல்வா?" என்றதும் எதிர்வீட்டுக் கன்னடக்காரரும் படியிறங்கி வந்தார்.

கட்சிக்காரன் ஒருவன் என்னிடம் பாய்ந்தான். "நீயே வெளியூர்க்காரி, உனக்கு எதுக்கு இந்த ஊர் ஏரி?"

பூக்கார அம்மா முந்திக்கொண்டார். "இந்தத் தண்ணிய குடிச்சுத்தான்பா அவ ரெண்டு புள்ளய பெத்தா. நீ மொதல்ல பதில சொல்லு."

"பார்க்கலாம்மா, பார்க்கலாம்" என்றார் வேட்பாளர், தமிழில் மட்டும். நாங்கள் நகரவில்லை. வண்டி வந்த வழியே திரும்பிப் போனது.

நேற்று கத்திய கத்தலில் எனக்குக் குரல் கட்டிவிட்டது. அதனால்தான் உன் கைமைக்கை இறக்கினேன். துருவைச் சுரண்டிப் புதுப் பேட்டரி போட்டிருக்கிறேன். நாளைக்கு எதிர்க்கட்சிக்காரர் வருகிறாராம். சற்றுமுன் வாசலில் நின்று பொத்தானை ஒருமுறை அமுக்கிப் பேசிப் பார்த்தேன். உன்னைப் போலவே கத்துகிறது.