வெந்நீர் ஊற்றில் பார்த்த வலை

பிரியமான தங்கைக்கு,

"அக்கா, எல்லாருக்கும் மாசாமாசம் இப்படித்தான வலிக்கும்?" என்று நொசாவா வெந்நீர் ஊற்றில் குளிக்கும்போது கேட்டாய். ஆவிக்குள் விழுந்து பனி கரைந்துகொண்டிருந்தது. வலிக்காக நீ ஒட்டிக்கொள்ளும் சூட்டுப் பைகள் உன் அடிவயிற்றில் வலைபோலப் பழுப்புத் தடம் பதித்திருந்தன. நான் பள்ளியில் பாடம் நடத்திய காலத்தில் என் வயிற்றிலும் அதே வலை.

"என்னடி, மீன் பிடிக்கப் போறியா?" என்றேன். சிரித்தாய்.

அப்போது நான் போய்ப் பார்த்த டாக்டர் ஷிராகி என்னிடம் வலியைப் பற்றிக் கேட்டபோது, நம் வீட்டு வழக்கப்படி, "பரவால்லைங்க" என்றேன்.

"பின்ன ஏன் டீச்சர் குனிஞ்சே உக்காந்திருக்கீங்க?" என்றார்.

அப்படித்தான் அது எல்லாருக்கும் வரும் வலியல்ல, கருப்பையின் உட்திசு வெளியே வளரும் எண்டோமெட்ரியோசிஸ் என்ற நோய் என்று தெரிந்தது. மாத்திரை தொடங்கியபின் வலி தூரத்து ரயில்போல ஆயிற்று.

அந்த நாட்களில் வகுப்பில் புரிந்ததாகத் தலையாட்டும் பிள்ளையிடம், கணக்கைப் போட்டுக் காட்டச் சொல்வேன். நீயும் திங்கட்கிழமை பார்க்கப்போகும் டாக்டரிடம் "பரவால்ல" என்று சொல்லாமல், வலியால் செய்ய முடியாமல்போன ஒரு காரியத்தைச் சொல்.

உன் அக்கா