மருந்து இருக்கும் இடம்

நோவோசிபிர்ஸ்க்
6 நவம்பர் 1994

கனிஷாயின் அப்பாவுக்கு,

நீங்கள், மாமா, என் கண்மணி மூவரும் சுகமாக இருக்க வேண்டும் என்பதுதான் காலையில் கண் விழித்ததும் எனக்கு வரும் முதல் நினைப்பு. மாமாவுக்குச் சர்க்கரை நோயால் வெட்டி எடுத்த கால் குளிர் வந்தால் வலிக்குமே, கம்பளி சுற்றிக்கொள்கிறாரா? இல்லாத கால் எப்படி வலிக்கும் என்று அவரைச் சீண்டாதீர்கள். எனக்கு இங்கே இல்லாத வீடு வலிக்கிறது.

லாரிக்கார ஒரொஸ்பாய் அண்ணன் நாளை ஊருக்குக் கிளம்புகிறார். கனிஷாயின் இன்சுலின் குப்பிகளை அவரிடம் கொடுத்திருக்கிறேன். சட்டைக்குள் நெஞ்சோடு வைத்துக் கொண்டுவருவதாகச் சத்தியம் செய்திருக்கிறார். வந்ததும் குளிர்ச்சியான இடத்தில் வையுங்கள். அடுப்புப் பக்கம் கொண்டுபோகவே கூடாது. சூடு பட்டால் மருந்து செத்துவிடும்.

இந்தத் தடவை வசந்தம் வரைக்கும் போதுமான அளவு கிடைத்தது. எப்படிக் கிடைத்தது என்று கேட்காதீர்கள். ஸ்வெட்டர் இரண்டு போட்டுக்கொண்டால் கோட்டே தேவையில்லை, தெரியுமா?

மருந்துக்கடை வரிசையில் எனக்கு முன்னால் ஒரு ரஷ்யக்காரி, இன்ஜினியர் மனைவி. கல்யாண மோதிரத்தை விற்றுவிட்டு மகனுக்காக வந்திருந்தாள். பின்னால் ஒரு தாஜிக் பெரியவர், கண் இரண்டும் சர்க்கரையில் போய்விட்டது. தோளில் கை வைத்து அழைத்து வந்த மனைவிக்கும் சர்க்கரையாம். எந்த ஊர், எந்த பாஷை என்று பார்க்காமல் எல்லார் வீட்டிலும் புகுந்திருக்கிறது இந்தப் பாழாய்ப்போன நோய். நான் சந்தையில் காலுறை விற்பவள் என்றதும் அந்த ரஷ்யக்காரி, "நான் மட்டும் என்ன, நேத்து வரைக்கும் பிசிக்ஸ் டீச்சர், இன்னிக்கு ஊறுகாய் விக்கிறேன்" என்று சிரித்தாள். நான் பாட்டு டீச்சராக இருந்ததை அவளிடம் சொல்லவில்லை. சொன்னால் பாடச் சொல்வாள்.

பழையதைத்தான் மறுபடி கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். கனிஷாயை இங்கே அனுப்பிவிடுங்கள். என்னோடு தங்கியிருக்கும் பெண்கள் சம்மதித்துவிட்டார்கள். என் கட்டிலிலேயே படுத்துக்கொள்வாள். தெரு முனையில் மருந்து இருக்கிறது, பக்கத்தில் பள்ளிக்கூடமும் இருக்கிறது. எட்டு வயதுப் பிள்ளையை எத்தனை காலம்தான் கனவில் குளிப்பாட்டிக்கொண்டிருப்பேன்?

உங்கள் பதிலுக்காகத் தெருவைப் பார்த்தபடி,
ஜிபார்

*

கோக்-சாய்
25 நவம்பர் 1994

என் ஜிபாருக்கு,

உன் கடிதம் வந்தது, குப்பிகள் வந்தன, நீ வரவில்லை.

இப்போதும் 'கனிஷாயின் அப்பாவுக்கு' என்றுதான் உறையில் எழுதுகிறாய். புருஷன் பேரைச் சொல்லக் கூடாது, சரி. எழுதினாலுமா நாக்கு வெந்துவிடும்? கெரிம்பாய் என்று ஒருவன் இந்த ஊரில் இருப்பதே தபால்காரனுக்கு மறந்துவிட்டது.

மகள் நன்றாக இருக்கிறாள். ஆட்டுக்கு ஊசி போட்டுப் பழகிய கை இது, குத்தினதும் தெரியாது என்றேன். "ஆடு வாயத் தொறந்து சொன்னிச்சாப்பா?" என்கிறாள். கல்யாண வீட்டில் பெண்கள் அவள் சட்டைப் பையில் மிட்டாயை அள்ளித் திணிக்கிறார்கள். வேண்டாம் என்றால் மரியாதை இல்லையே. அவள் அதில் ஒன்றைக்கூட வாயில் போடுவதில்லை. கணக்குப் பாடம் எழுதித் தரும் பையன்களுக்குக் கூலியாகக் கொடுக்கிறாள். உன் மகள் உன்னைவிட நல்ல வியாபாரி.

போன வாரம் குளிர்காலக் கறிக்குக் குதிரை அறுத்தோம். மிச்சம் இருந்த பெண்குதிரைதான். மற்றவை மருந்துக்குப் போனது உனக்குத் தெரியும். அப்பா முற்றத்தில் ஊன்றுகட்டையில் சாய்ந்து நின்றுகொண்டு, "எங்கப்பன் குதிரை மேல ஏறி ஊரச் சுத்தினான். என் மவன் குதிரைய எல்லாம் ஊசிக் குழாய்க்குள்ள ஏத்திட்டான்" என்றார். கேட்டவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "எங்கிட்ட எடுத்துக்க எவ்வளவோ இருந்திச்சு, இந்தச் சர்க்கரையத்தானா புள்ள எடுத்துக்கிட்டா?" என்று கேட்டார். டாக்டரம்மா இது வேறு சர்க்கரை, உங்களிடமிருந்து வந்ததில்லை என்று எத்தனை தடவை சொன்னாலும் அவர் மனம் கேட்கவில்லை.

மருந்தைப் பற்றிக் கவலைப்படாதே. கோடையில் பானையில் போட்டு ஓடையில் இறக்கி வைத்தேன். இப்போது ஓடை உறைந்துவிட்டது. அதனால் கறி அறையில், குதிரைத் தொடைக்குப் பக்கத்திலேயே கட்டித் தொங்கவிட்டிருக்கிறேன். இந்த ஊரில் அதைவிடக் குளிர்ச்சியான இடம் கிடையாது. கறி வசந்தம் வரை கெடாமல் இருக்கும்போது மருந்துக்கு என்ன? குப்பியெல்லாம் கல் மாதிரி ஆகிவிட்டது. ஒன்று மட்டும் விரிசல் விட்டது. பழைய குப்பி தீர்ந்ததும் இதிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து, அக்குளில் வைத்து இளக்கிப் போட வேண்டியதுதான்.

மகளை அனுப்பச் சொல்கிறாய். சுற்றி வளைக்காமல் சொல்கிறேன். அனுப்பமாட்டேன். அந்தத் தெருவில் கனிஷாயும் இருந்தால் உனக்கு இந்த மலைக்குத் திரும்பி வர என்ன இருக்கிறது? ஒரு கிழவரும் குதிரை இல்லாத ஒரு குதிரைக்காரனும். அவள் இங்கே இருந்தால் நீ வருவாய். எனக்கு நீ வர வேண்டும், ஜிபார். எப்போது வருவாய்?

கெரிம்பாய் (உறையில் எழுதிப் பழகு)

*

நோவோசிபிர்ஸ்க்
5 டிசம்பர்

கனிஷாயின் அப்பாவுக்கு,

அந்த மருந்தைப் போடாதீர்கள்! உறைந்த இன்சுலின் செத்த இன்சுலின். இளக்கினாலும் உயிர் வராது. கறி உறையலாம், இது உறையக் கூடாது.

உங்கள் கடிதம் கிடைத்ததும் ஓடிப்போய்த் தந்தி கொடுத்துவிட்டேன். கணவாயில் பனி, கம்பி அறுந்திருக்கலாம், எப்போது போய்ச் சேரும் என்று சொல்ல முடியாது என்றார் தந்தி ஆபீஸ்காரர். அதனால் இதையும் எழுதி, இங்கிருந்து கிளம்பும் ஒரு லாரி விடாமல் கொடுத்துக்கொண்டிருக்கிறேன். ஒரே கடிதம் நாலு தடவை வந்தாலும் திட்டாதீர்கள்.

குளிர்ச்சியாக வையுங்கள் என்று எழுதினேனே, உறைய விடாதீர்கள் என்று ஏன் எழுதவில்லை? அங்கே ஜன்னலைத் திறந்தால் ரொட்டி உறையும் என்பது எனக்குத் தெரியாதா? ஒரே வருஷத்தில் நம் ஊர்க் குளிரை மறந்துவிட்டேனா?

புதிய குப்பிகள் நான்கு கிடைத்தன. ஒரொஸ்பாய் அண்ணன் எடுத்து வருகிறார். என் பிள்ளைக்குத் தண்ணீர் கொடுத்துக்கொண்டே இருங்கள். உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள். அவள் பெயரைச் சொல்லிச் சொல்லிச் சந்தை நடுவில் உட்கார்ந்திருக்கிறேன்.

ஜிபார்

*

ஆஸ்பத்திரியில் இருந்து
14 டிசம்பர்

ஜிபார்,

உயிரோடு இருக்கிறாள். மற்றதையெல்லாம் இதற்குப் பிறகு படி.

பழையது தீர்ந்து, உறைந்த குப்பியைத் தொடங்கிய மறுநாளே தண்ணீர் தண்ணீர் என்று குடித்தாள். அளவு போதவில்லை போலிருக்கிறது என்று நினைத்து நான் கூட்டிப் போட்டேன். கூட்டியும் கேட்கவில்லை. வாந்தி எடுத்தாள். மூச்சில் அழுகின ஆப்பிள் வாசம் வந்தது. பிறகு கூப்பிட்டால் கண் திறக்கவில்லை. பக்கத்து வீட்டுச் சறுக்கு வண்டியில் போட்டு, அவள் மேல் நான் படுத்துக்கொண்டு கொண்டுவந்தேன்.

டாக்டரம்மா குப்பியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். திரிந்த பால் மாதிரி கட்டி கட்டியாக இருந்தது. "இத எங்க வெச்சிருந்தீங்க?" என்றார். சொன்னேன். "அட பாவி மனுஷா, கறியோடயா?" என்றார். அவ்வளவுதான். அதற்கு மேல் திட்டியிருந்தால் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

இந்தக் குளிர்காலத்தில் மருந்து எங்கும் இல்லை. வெளி நோயாளிகள் பெஞ்சில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள், தபால் ஆபீஸ் பெருக்குகிறவள், அவளுக்கும் ஊசிச் சர்க்கரை. விஷயத்தைக் கேட்டதும் மார்பில் செருகியிருந்த பையை அவிழ்த்துக் குப்பியை எடுத்து டாக்டரம்மா கையில் வைத்தாள். "உனக்கு?" என்று கேட்டேன். "நான் நாப்பது வருஷம் சாப்பிட்டுட்டேன். முதல்ல புள்ளைக்குப் போடுங்க" என்றாள். அவள் பெயர்கூட எனக்குத் தெரியாது. ஒரொஸ்பாய் கொண்டுவந்த நான்கில் ஒன்றை எடுத்துக்கொண்டு அவள் வீடு தேடிப் போனேன். பூட்டியிருந்தது. மறுபடி போவேன்.

உன் தந்தி நாங்கள் வந்த பிறகுதான் வீட்டுக்குப் போயிருக்கிறது. அப்பா படித்துவிட்டுத் தனியாகக் கறி அறைக்குள் போய், ஒவ்வொரு குப்பியாகக் கட்டையாலேயே நசுக்கியிருக்கிறார். வாசலில் வழுக்கி விழுந்து இடுப்பில் அடி. யாரிடமும் சொல்லவில்லை.

கனிஷாய் நேற்றுக் கண் விழித்து முதலில் கேட்டது உன்னைத்தான். "அம்மா வந்தாளா?" என்றாள். நான் இல்லை என்றேன். "அப்ப நான் சாகலியா?" என்றாள். சாகக் கிடந்தால்தான் நீ வருவாய் என்று அந்தப் பிள்ளை நினைத்துக்கொண்டிருந்திருக்கிறது, ஜிபார். நான் வெளியே போய் நின்றுவிட்டேன்.

கெரிம்பாய்

*

நோவோசிபிர்ஸ்க்
27 டிசம்பர்

கனிஷாயின் அப்பாவுக்கு,

உங்கள் கடிதத்தை மடியில் வைத்துக்கொண்டு சிரித்தேன், அழுதேன், மறுபடி சிரித்தேன். அறையில் இருந்த பெண்கள் பயந்துவிட்டார்கள்.

நான் வருகிறேன். முடிவு செய்துவிட்டேன். சந்தையில் என் இடத்தைக் காலி செய்கிறேன். புது வருஷம் கழிந்ததும் கிடைக்கிற முதல் லாரியில் ஏறுவேன். என் குழந்தை நான் வருவதற்காகச் சாக வேண்டாம். மருந்தை எப்படியாவது பார்த்துக்கொள்வோம். இங்கே எனக்குத் தெரிந்தவர்களிடம் சொல்லி வைக்கிறேன், அவர்கள் அனுப்புவார்கள். அனுப்பாவிட்டால் என்ன செய்வது என்று இப்போது யோசிக்கப் போவதில்லை. ஒரு வருஷமாக அதை மட்டுமே யோசித்துக் களைத்துப்போனேன்.

உங்களைப் பார்க்க வேண்டும். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். குளிரில் வெடித்த உங்கள் கையை வெண்ணெய் தடவித் தேய்த்துவிட வேண்டும். நீங்கள் தேநீர் உறிஞ்சும் சத்தத்துக்கு எரிச்சல்பட வேண்டும். இரவில் நம் கதவை நானே சாத்த வேண்டும்.

மாமாவிடம் சொல்லுங்கள், அவர் இடுப்புக்கு ரஷ்யத் தைலம் வாங்கிவிட்டேன்.

வந்துகொண்டே இருக்கும்,
உங்கள் ஜிபார்

*

கோக்-சாய்
11 ஜனவரி 1995

ஜிபார்,

'வராதே, அங்கேயே இரு' என்று நான் கொடுத்த தந்தி உனக்குக் கோபத்தைக் கொடுத்திருக்கும். காரணத்தைத் தந்தியில் எழுத முடியவில்லை. இந்தக் கடிதம் கனிஷாயின் பையில் வருகிறது. இதை நீ படிக்கும்போது அவள் உன் எதிரில் நின்றுகொண்டிருப்பாள்.

'வருகிறேன்' என்று நீ எழுதியதை அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன், தபால்காரனுக்குப் படித்துக் காட்டினேன், யார் கேட்டாலும் காட்டினேன். கூரையில் ஏறிப் பனியைத் தள்ளிவிட்டு வந்தேன், உன் தலையில் விழக்கூடாது என்று. அன்று முழுக்க நான் கல்யாண மாப்பிள்ளை.

மறுநாள் தபால் ஆபீஸ் பெருக்குகிற அந்தப் பெண்ணின் வீட்டுக்கு மறுபடி போனேன். இந்தத் தடவை கதவு திறந்திருந்தது, வாசல் நிறையக் காலணிகள். முந்தின நாள் அடக்கம் செய்திருக்கிறார்கள். உர்ப்யா என்று பெயராம். வாரக் கணக்கில் மருந்து கிடைக்கவில்லையாம். அவள் மகன் எனக்குத் தேநீர் ஊற்றிக் கொடுத்தான். நம் வீட்டுக் குழந்தைக்குத்தான் அவள் குப்பி வந்தது என்று சொன்னேன். "தெரியும், சொன்னாங்க. புள்ள எப்படி இருக்கா?" என்று கேட்டான். நன்றாக இருக்கிறாள் என்றேன். கொண்டுபோன குப்பியை எங்கே வைப்பது என்று தெரியாமல் திரும்ப எடுத்து வந்தேன்.

வழியில் டாக்டரம்மாவைப் பார்த்தேன். நீ வரப்போவதைச் சொன்னேன். அவர் சந்தோஷப்படவில்லை. "மருந்து புள்ளையத் தேடி மலை ஏறி வரக் கூடாது, கெரிம்பாய். ஒரு தடவ லாரி நின்னாப் போச்சு. அவதான் மருந்து இருக்கிற இடத்துல இருக்கணும்" என்றார். எனக்கு அது தெரியாத விஷயம் இல்லை. நவம்பரில் நீ எழுதியதும் அதுதான்.

நானும் வரலாமே என்று நீ கேட்பாய். கடைசிப் பிள்ளை நான், நம் வழக்கப்படி இந்த வீடும் அப்பாவும் என் பங்கு. இடுப்பில் பட்டது வெறும் அடி இல்லை, எலும்பே ஒடிந்திருக்கிறது. அன்றிலிருந்து அவரை நான்தான் தூக்கி உட்கார வைக்கிறேன். "என்ன ஓநாய்க்குப் போட்டுட்டு நீயும் போடா" என்கிறார். "ஒரு கால் கொறஞ்ச கெழவன ஓநாய் திங்காதுப்பா" என்றேன். சிரித்தார். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை.

ஒரொஸ்பாய் நாளைக் காலையில் கிளம்புகிறான். அவன் மனைவியும் கூட வருகிறாள், பெண்குழந்தை துணையில்லாமல் வரவில்லை. கனிஷாய் தானே ஊசி போட்டுக்கொள்ளக் கற்றுக்கொண்டாள். முதல் தடவை என் தொடையில் வெறும் ஊசியைக் குத்திப் பழகினாள். "ஆடு கத்துதுப்பா" என்று சொல்லிச் சிரித்தாள். கணவாய் ஏறும்போது அழுவாள், அழட்டும் என்று அவர்களிடம் சொல்லியிருக்கிறேன். உன் கோட்டு விஷயம் எனக்கு அன்றே புரிந்தது. என் ஆட்டுத்தோல் கோட்டு அவளோடு வருகிறது. உனக்குப் பெரிதாக இருக்கும். இரண்டு பேரும் உள்ளே போகலாம்.

திரும்பி வா என்று உன்னைக் கேட்க எனக்கு இனி வாய் இல்லை. நல்ல மருந்து இந்த மலைக்கு வரும் காலம் ஒன்று வந்தால் வாருங்கள். அதுவரை அவளை உயரமாக வளர்த்துவிடு. பாட்டும் சொல்லிக் கொடு.

ஒன்று மட்டும் நீ தெரிந்துகொள்ள வேண்டும். தூங்கும்போது அவளுக்குச் சர்க்கரை சட்டென்று இறங்கும். எழுப்பிக் கேட்டால் சொல்லத் தெரியாது. பின்கழுத்தில் கை வைத்துப் பார். ஈரமாக இருந்தால் உடனே சர்க்கரைத் தண்ணீர் கொடு. காய்ந்திருந்தால் தூங்கட்டும். அவள் பக்கத்தில் படுத்து, கையை அங்கேயே வைத்தபடிதான் ஒரு வருஷமாக நான் தூங்குகிறேன். இப்போதும் ஒரு கை அங்கேதான் இருக்கிறது, மற்றக் கையால் எழுதுகிறேன். காய்ந்திருக்கிறது, நன்றாகத் தூங்குகிறாள். நாளையிலிருந்து இந்தக் கைக்கு வேலை இல்லை.

கெரிம்பாய்