நாற்பத்தேழாம் பக்கத்து மூதாட்டி

பெப்ரவரி 6, செவ்வாய்

தண்ணீர் பவுசர் இன்றும் வரவில்லை. புரூப் பார்த்து முடிந்தபாடும் இல்லை. கண் எரிகிறது.

ஆறு வருடமாக இதே வேலை. தீவுப்பகுதி நெசவுசாலையில் வேலை செய்த பெண்களைப் பற்றி ஒரு புத்தகம். பென்சன் எடுத்த ரீச்சருக்குப் பொழுது போகவில்லை என்று வேலணையில் சொல்கிறார்களாம். சொல்லட்டும். என் அலுமாரியில் நெசவு வரலாறு என்று பதினொரு புத்தகங்கள் நிற்கின்றன. அரசர் வருகிறார், ஒல்லாந்தர் கப்பல் வருகிறது, சாயவேர் வருகிறது. தறியில் இருந்த ஒரு மனிசியின் பேர் ஒன்றிலும் வரவில்லை. அந்தக் கோபத்தில்தான் தொடங்கினேன். கோபம் எப்போதோ ஆறிவிட்டது. வேலைதான் மிச்சம்.

பெப்ரவரி 8, வியாழன்

நான்காம் அத்தியாயத்தைச் சரிபார்க்கப் புளியங்கூடலுக்குச் சைக்கிளில் போனேன். அந்த அத்தியாயம் முழுக்கச் சின்னத்தங்கம் அக்காவுடையது. எண்பத்தொரு வயது. இருபத்திரண்டு வருடம் தறியில் இருந்தவர். நெசவைப் பற்றி உருகிப் பேசுவார் என்று எதிர்பார்த்தால் நமக்குத்தான் வெட்கம்.

"ஆசையோ? மிதிச்சு மிதிச்சு முழங்கால் போனதுதான் கண்ட மிச்சம். வீட்டுக்குள்ளை அடைஞ்சு கிடக்க ஏலாமல் போனனான்."

துணி முடிகிற நுனியில் ஒவ்வொருத்தியும் தனக்கென்று ஒரு நிற இழை போடுவாளாம். பிழை வந்தால் யாருடைய துணி என்று தெரிவதற்கு. அக்காவுடையது இரண்டு சிவப்பு இழை. கடைக்காரர் விற்க முன்னம் அந்த நுனியை வெட்டிவிடுவார்களாம்.

வெளிக்கிடும்போது கேட்டார்: "என்ரை பேர் வருமோ, ரீச்சர்?"

"ஓம் அக்கா. முழுப் பேரும் வரும்."

பெப்ரவரி 11, ஞாயிறு

அக்காவின் மகன் பிரதாபன் கனடாவிலிருந்து போன் எடுத்தான். என்னிடம் ஐந்தாம் வகுப்புப் படித்தவன். பத்து நிமிடம் என் சுகம் விசாரித்தான். அப்போதே எனக்கு விளங்கியிருக்க வேண்டும்.

"ரீச்சர், அம்மா தறியிலை இருந்தவ எண்டு எழுத வேண்டாம். மகளுக்குச் சம்பந்தம் பேசுறம். நெசவு எண்டால் சனம் உடனை என்ன சாதி எண்டு துருவும். நீங்கள் அறியாததோ?"

அறிவேன். உங்கள் குடும்பத்துக்குத் தோட்டமும் பனங்காணியும் உண்டு, ஊருக்கே தெரியும், இதில் துருவ என்ன இருக்கிறது என்றேன். ஊருக்குத் தெரியும், கனடாவுக்குத் தெரியாதே என்கிறான்.

"பேரை மட்டும் எடுத்துவிடுங்கோ. அம்மாவுக்குச் சொல்லவேண்டாம். எனக்கு நாலெழுத்துப் பழக்கினதே நீங்கள்தானே."

யோசிக்கிறேன் என்றேன். யோசிக்க என்ன இருக்கு?

பெப்ரவரி 12, திங்கள்

யோசித்தேன்.

பெப்ரவரி 14, புதன்

பஸ் பிடித்துப் பட்டணத்து அச்சகத்துக்குப் போனேன். பண்ணைப் பாலத்தில் போகும்போதுகூடப் பிரதாபனுக்கு ஏலாது என்று சொல்லிவிடலாம் என்றுதான் இருந்தேன். அச்சகத்துக் கதிரையில் இருந்ததும் களைத்துப்போனேன். சிவப்புப் பேனையால் பதினேழு இடத்தில் பேரை வெட்டினேன். முதல் இடத்தில், நாற்பத்தேழாம் பக்கத்தில், 'ஒரு மூதாட்டி' என்று எழுதினேன். மற்ற இடங்களில் 'அவர்'.

அச்சகத்து றொபேட் கேட்டான்: "ஏன் ரீச்சர், அவவோடை ஏதும் கோவமோ?"

இல்லை, குடும்பம் விரும்பவில்லை என்றேன்.

"அவ விரும்பினவவோ?"

புரூப் கட்டை அவனிடம் தள்ளிவிட்டு வெளிக்கிட்டேன். பஸ்ஸில் வரும்போது தலையிடி. எனக்குச் சண்டை பிடிக்கத் தெம்பு இல்லை, அவ்வளவுதான். அறுபத்திரண்டு வயதில் யாரோடு போய் மல்லுக்கட்ட?

மார்ச் 17, ஞாயிறு

வெளியீட்டு விழா முடிந்தது. எழுதவே கை கூசுகிறது, என்றாலும் எழுதுகிறேன்.

சிறப்புப் பிரதி வாங்குகிறவர்களின் பட்டியலைப் போன மாதமே கொடுத்திருந்தேன். முதலாவதாகச் சின்னத்தங்கம் அக்காவின் பேர். அதை மாற்ற மறந்தேபோனேன். புத்தகத்தில் பதினேழு இடத்தில் வெட்டிய பேர் ஒலிபெருக்கியில் முழங்கியது. மண்டபம் கைதட்டியது. அக்கா மேடையில் ஏறி, புத்தகத்தை இரண்டு கையாலும் வாங்கினார்.

பிறகு முன்வரிசையில் இருந்து, மதிப்பீட்டுரை நடந்த முக்கால் மணித்தியாலமும் ஒவ்வொரு பக்கமாக விரல் வைத்துப் பார்த்தார். நான் மேடையில் இருந்து அந்த விரலையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு இடத்தில் விரல் நின்றது. கடைசிப் பக்கம் வரை போய், திரும்பவும் அதே இடத்துக்கு வந்தது.

என் ஏற்புரையில் என்ன பேசினேனோ தெரியாது.

முடிந்து போகும்போது கிட்ட வந்தார். "என்ரை பேர் எந்தப் பக்கம், ரீச்சர்?"

சொன்னேன். பிரதாபன் எடுத்தது, சம்பந்தம் பேசுவது, எல்லாம். கடைசிவரை கேட்டார்.

"அவன்ரை பயம் அவனுக்கு. நீர் ஏன் என்னட்டைக் கேக்கேல்லை?"

கேட்டிருந்தால் சம்மதித்திருக்க மாட்டார். அதனால்தான் கேட்கவில்லை. ஐயோ, இதை எப்படி வாயால் சொல்லுவேன்!

"கடைக்காரர்தான் நுனியை வெட்டினவங்கள் எண்டு நினைச்சன். நீரும் வெட்டிப்போட்டீர்."

சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருக்கலாம்.

மார்ச் 18

சமைக்கவில்லை. குசினிப் பக்கமே போகவில்லை. என் புத்தகம் பன்னிரண்டாவதாக அலுமாரியில் நிற்கிறது. பதினொன்றோடு நன்றாகச் சேர்ந்து நிற்கிறது.

மார்ச் 21, வியாழன்

புளியங்கூடலுக்குப் போனேன். அச்சிட்டது முந்நூறு. எல்லாவற்றையும் திருப்பி எடுத்து எரிக்கிறேன் என்று சொன்னேன்.

"விசர்க் கதை கதையாதேயும். அது ஆரின்ரை உழைப்பு? என்ரையும்தானே." கையை நீட்டினார். "அந்தச் சிவப்புப் பேனையைத் தாரும்."

திருத்திப் பழகிய பேனை, எப்போதும் பையில் கிடப்பது. தன் பிரதியில் நாற்பத்தேழாம் பக்கத்தை விரித்து, 'ஒரு மூதாட்டி' என்பதற்கு மேல் இரண்டு கோடு கீறினார். பக்கத்தில் எழுதினார்: சின்னத்தங்கம். நடுங்கிய எழுத்து. பிழை ஒன்றும் இல்லை.

"மற்றதுகளையும் கொண்டு வாரும்."

மார்ச் 25, திங்கள்

ஓட்டோவில் நான்கு கட்டு. இன்று முப்பத்தைந்து புத்தகம். கை நோகுது என்று நிறுத்தினார். நான் பக்கம் விரித்துக் கொடுக்கிறேன், அவர் எழுதுகிறார். அதிகம் பேசுவதில்லை.

ஏப்ரல் 9, செவ்வாய்

பிரதாபனுக்கு யாரோ அக்கா எழுதிய பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பிவிட்டார்கள். நாங்கள் எழுதிக்கொண்டிருக்கும்போது போன் எடுத்தான். அக்கா ஸ்பீக்கரில் போட்டார்.

"அம்மா, பிள்ளையின்ரை வாழ்க்கை—"

"நான் நெய்துதான்ரா உன்னைப் படிப்பிச்சனான். அதைக் கேட்டு ஓடுற மாப்பிள்ளை ஓடட்டும்."

கோபத்தில் போனை வைத்துவிட்டான். அக்கா அடுத்த புத்தகத்துக்குக் கை நீட்டினார். நான் நாற்பத்தேழாம் பக்கத்தை விரித்துக் கொடுத்தேன்.

ஏப்ரல் 20

இருநூற்று நாற்பது முடிந்தது. மிச்சம் அறுபது விழாவிலேயே போய்விட்டது. அதையும் விடமாட்டாராம். வாங்கினவர்கள் கொண்டு வரட்டும் என்று கோயிலில் சொல்லிவிட்டிருக்கிறார். இந்த வெயிலில் யார் வரப் போகிறார்கள்?

மே 5, ஞாயிறு

வருகிறார்கள். இன்று மட்டும் பத்துப் பேர், புத்தகத்தையும் கொண்டு.

பிரதாபனிடமிருந்து இன்னும் போன் இல்லை.

பத்தாவதாக ஊர்காவற்றுறையிலிருந்து பஸ்ஸில் ஒரு மனிசி வந்தார். கத்தரீனா என்றார். அக்கா எழுதிக் கொடுத்ததும் போகாமல் நின்றார். என்ன என்று கேட்டேன்.

"நானும் ஆறு வருசம் அங்கை இருந்தனான். ரீச்சர் என்னட்டை வரேல்லை. அதுக்குக் கீழை என்ரை பேரையும் எழுதட்டோ?"

அக்கா என்னைப் பார்க்கவில்லை. பேனையை அவரிடம் நீட்டினார். 'கத்த' வரை எழுதியதும் மை முடிந்தது.

கடை பூட்ட முன்னம் சைக்கிளை எடுத்துக்கொண்டு ஓடினேன்.